பாடத்தில் ஒரே ஒரு தங்கை

மதேதே தொடக்கப்பள்ளி,
ந்சிசி மாவட்டம், மலாவி
16 அக்டோபர் 2024

அன்புள்ள வைசன் அண்ணாவுக்கு,

எடின்பரோவில் குளிர் தொடங்கியிருக்கும். அண்ணியும் பிள்ளைகளும் சளி காய்ச்சல் இல்லாமல் இருக்க வேண்டும். நானும் அம்மாவும் இருக்கிறோம். அம்மாவுக்கு முழங்கால் வீக்கம் வடியவில்லை. ஆனாலும் விடிந்ததும் துடைப்பத்தை அவள்தான் எடுக்கிறாள், யாருக்கும் தருவதில்லை.

போனில் சொல்லக்கூடாதா, எதற்குக் கடிதம் என்று நினைப்பாய். நீ கூப்பிட்டதும் அம்மா கையை நீட்டிவிடுகிறாள். அவள் பேசி முடித்து என்னிடம் தரும்போது உனக்கு வேலைக்கு நேரமாகிவிடுகிறது. அதுவுமில்லாமல் உன் குரலைக் கேட்டால் நான் கேட்க வந்ததை விட்டு மழையைப் பற்றிப் பேசிவிடுகிறேன். பாதிரியார் லிலோங்வே போகிறார். தபாலில் சேர்த்துவிடுவதாகச் சொல்லியிருக்கிறார்.

ஊர்ச் செய்தி நல்லதாக இல்லை. பிப்ரவரியில் நின்ற மழை நின்றதுதான். சோளக் கதிர் பால் பிடிப்பதற்குள் தட்டை வெளுத்துவிட்டது. ஜூலையிலேயே பாதி வீடுகளில் குதிர் காலி. இப்போது பிஞ்சு மாங்காயைப் பறித்து அவிக்கிறார்கள். சிலர் தவிட்டை மாவோடு கலந்து களி கிண்டுகிறார்கள். அந்த வாசனை உனக்கு மறந்திருக்காது. என் ஏழாம் வகுப்பில் எழுபத்து நான்கு பெயர்கள் இருக்கின்றன. நேற்று வந்தவர்கள் நாற்பத்தொரு பேர். பள்ளியில் கஞ்சி ஊற்றும் நாளென்றால் அறுபது பேர் வருவார்கள். கஞ்சி வாரம் மூன்று நாள்தான்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். போன வாரம் ஒரு பெட்டியில் இருபது வாசிப்புப் புத்தகங்கள் வந்தன. ஏதோ ஓர் அறக்கட்டளை அச்சடித்து அனுப்பியது. அதில் ஏழாவது பாடம் நீ. எங்கள் தலைமையாசிரியர் கலூவாவுக்குக் கால் தரையில் பாவவில்லை. வகுப்பு வகுப்பாகப் போய், நம்ம ஊரு பையன் பொஸ்தகத்துலயே வந்துட்டான் என்று சொன்னார். இந்தப் பாடத்தை முதலில் நடத்த வேண்டியது கூடப் பிறந்த நான்தான் என்றும் அவரே முடிவு செய்துவிட்டார்.

படத்தில் உனக்குச் செருப்பு போட்டிருக்கிறார்கள். அது போகட்டும். நான் உரக்க வாசித்தேன். பஞ்சம் வந்தது. வைசனின் வீட்டில் நாளுக்கு ஒருவேளை மூன்று கவளம்தான். பள்ளிக் கட்டணம் கட்ட முடியாமல் வைசன் பள்ளியை விட்டு நின்றான், ஆனாலும் மனம் தளரவில்லை. அப்பா புன்னகையோடு தம் சைக்கிளை அவனிடம் கொடுத்தார். சைக்கிளின் சக்கரம், பெடல், பழைய டயரில் வெட்டிய வட்டங்கள், கயிறு, குழாய் இவற்றைக் கொண்டு பதினைந்து வயதில் அவன் ஒரு கயிற்றுப் பம்பு செய்தான். ஓடையோரத் தோட்டத்தில் தண்ணீர் ஏறியது, சோளம் விளைந்தது. இப்படி அவன் தன் அப்பா, அம்மா, தங்கை மூவரின் உயிரையும் காத்தான்.

தங்கை என்று ஒருத்திதான் இருக்கிறாள், அண்ணா. அது நான்தானே?

வாசித்து முடித்ததும் மூன்றாவது வரிசையில் சியோனி ந்கோமா எழுந்தாள். பதின்மூன்று வயது, எதையும் ஒரு தடவைக்கு மேல் கேட்காத பெண். "மேடம், இவங்க வீட்ல யாருமே சாகலையா?" என்று கேட்டாள். நான் "இல்ல" என்றேன். யோசிக்கவேயில்லை, வாயில் வந்துவிட்டது. பின்னாலிருந்து ஒருவன், "மூளை இருக்கறவன் வீட்ல எப்படிடி சாவாங்க?" என்றான். வகுப்பே சிரித்தது. நான் அவனை அதட்டியிருக்க வேண்டும். அதட்டவில்லை. பலகையைத் துடைக்கத் திரும்பிக்கொண்டேன். பலகையில் எதுவும் எழுதியிருக்கவில்லை.

தடாலாவை இல்லையென்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து அம்மா முகத்தைப் பார்த்தேன். அவளிடம் சொல்லவில்லை. நம் கடைக்குட்டி, நாலு வயதுக் குழந்தை, நம் இருவர் முதுகிலும் மாறி மாறி வளர்ந்தவள். இந்தப் பாடத்தை எழுதியவர்கள் உன்னைக் கேட்டு எழுதினார்களா, தாங்களாகவே எழுதிக்கொண்டார்களா? கோபத்தில் கேட்கவில்லை. எனக்குப் புரியவில்லை, அவ்வளவுதான்.

பிள்ளைகளைக் குளிரில் பத்திரமாகப் பார்த்துக்கொள்.

உன் தங்கை,
ஃபலேசி


மதேதே
13 நவம்பர் 2024

அன்புள்ள அண்ணாவுக்கு,

கடிதம் கிடைத்திருக்கும் என்று நினைக்கிறேன். ஏனென்றால் பணம் வந்தது. மாவு வாங்கினோம், பக்கத்து வீட்டுக்கும் கொடுத்தோம். கடவுள் உனக்குக் குறைவைக்கமாட்டார். ஆனால் நான் கேட்டது பணம் இல்லையே, அண்ணா.

இங்கே ஒன்று நடந்துவிட்டது. அதை எழுதாமல் இருக்க முடியவில்லை, எப்படி எழுதுவது என்றும் தெரியவில்லை.

சியோனி தன் அப்பாவின் சைக்கிளைப் பிரித்துவிட்டாள். லைசன் ந்கோமா, சந்தையடியில் பின் சீட்டில் ஆள் ஏற்றி ஓட்டுபவர். நிலம் கொடுக்காததை இந்த ஆண்டு அந்தச் சைக்கிள்தான் கொடுத்துக்கொண்டிருந்தது. மனைவியின் அம்மா இறந்ததற்கு அவர் இரண்டு நாள் பக்கத்து ஊர் போயிருந்தார். திரும்பி வந்தபோது சக்கரங்கள் ஒரு பக்கம், செயின் ஒரு பக்கம். பின் டயரை அவள் வட்ட வட்டமாக வெட்டியிருந்தாள். பாடத்தில் எத்தனை வட்டம் என்று போடவில்லை. அதனால் டயர் முழுவதையுமே வெட்டிவிட்டாள்.

போன வாரம் செவ்வாய்க்கிழமை இரண்டாம் பாடவேளையில் அவர் வகுப்புக்குள்ளேயே வந்துவிட்டார். சைக்கிள் சட்டத்தைத் தோளில் சுமந்து வந்து, என் மேசைக்கு முன்னால் மெதுவாக வைத்தார். எறியவில்லை. எறிந்திருந்தால் எனக்குக் கொஞ்சம் எளிதாக இருந்திருக்கும். அவருக்குப் பின்னால் சியோனி, ஒரு கன்னம் வீங்கியிருந்தது.

"மேடம், புள்ளைக்கு எழுத்து சொல்லிக் குடுக்கத்தான் அனுப்புனேன். எங்க வீட்டு அடுப்ப அணைக்கச் சொல்லிக் குடுக்கவா?" என்றார்.

கலூவா ஓடி வந்து சமாதானம் பேசினார். இது நம் ஊருக்கே பெருமையான பாடம், அறிவுக்கு முன்னால் சைக்கிள் எம்மாத்திரம் என்று ஏதேதோ சொன்னார். ந்கோமாவுக்குப் படிக்கத் தெரியாது. அந்த அப்பா சைக்கிளைக் கொடுக்கும் இடத்தை வாசிக்கச் சொன்னார். வாசித்தேன். இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார்.

"பஞ்சத்துல சிரிச்சுக்கிட்டே சைக்கிளக் குடுத்தானா? அவன் பைத்தியமா இருக்கணும், இல்ல இது பொய்யா இருக்கணும். எது மேடம்?"

நாற்பது பிள்ளைகளும் என் வாயையே பார்த்தார்கள். கலூவாவும் பார்த்தார். அவர் பார்த்த பார்வை வேறு.

"அந்த அப்பா எங்கப்பா. அவர் சிரிக்கல" என்றேன்.

பிறகு சொல்லிவிட்டேன், அண்ணா. அப்பா எல்லைக்கு அப்பால் மரவள்ளி தேடி லாரியில் போன நான்கு நாளில் நீ சைக்கிளைப் பிரித்ததைச் சொன்னேன். வந்ததும் அந்தச் செயினாலேயே அவர் உன்னை அடித்ததையும், முதுகுப் புண் ஆறுமுன்பே நீ கிணற்றடிக்குப் போய்க் குழாய் இறக்கியதையும், மூன்றாம் வாரம் தண்ணீர் ஏறியதையும் சொன்னேன். டிசம்பர் முதல் வாரம், தட்டை இடுப்புயரம் இருந்தபோது, தடாலாவின் பாதமும் முகமும் வீங்கிக் காய்ச்சல் கண்டதைச் சொன்னேன். ஆஸ்பத்திரி இருபத்திரண்டு கிலோமீட்டர். ஊரில் சைக்கிள் வைத்திருந்தவர்கள் எல்லாரும் அதை மாவுக்கு விற்றிருந்தார்கள். அப்பா அவளை முதுகில் கட்டிக்கொண்டு நடந்தார். பாலம் வரைக்கும் அவள் தாங்கவில்லை.

திரும்பி வந்த அப்பா அவளை அம்மாவிடம் கொடுத்துவிட்டு நேராகத் தோட்டத்துக்கு வந்தாரே, அதையும் சொன்னேன். உன் கையிலிருந்து கைப்பிடியை வாங்கி, மிச்சமிருந்த நான்கு வரிசைக்கும் தண்ணீர் இறைத்துவிட்டுத்தான் குழி வெட்டப் போனார். அதற்கு என்ன அர்த்தம் என்று அன்று பத்து வயதில் எனக்குத் தெரியவில்லை, இன்றும் தெரியவில்லை. பிள்ளைகளிடமும் அப்படியே தெரியவில்லை என்றுதான் சொன்னேன்.

ந்கோமா முன் பெஞ்சில் பிள்ளைகளோடு உட்கார்ந்துவிட்டார். "சோளம் வெளஞ்சுதா?" என்று கேட்டார். ஜனவரியில் விளைந்தது என்றேன். எத்தனை பேர் தின்றோம் என்றார். நான்கு பேர், அந்தச் சோளம் இல்லாவிட்டால் நான் இங்கே நிற்கமாட்டேன் என்றேன். அதுவும் உண்மைதானே?

"அப்ப நான் இப்ப என்ன பண்ணட்டும், மேடம்? திரும்பச் சைக்கிளாப் பூட்டட்டுமா, பம்பு செய்ய விடட்டுமா?"

ஆசிரியப் பயிற்சியில் இப்படி ஒரு கேள்விக்குப் பதில் சொல்லித் தரவில்லை. பூட்டுங்கள் என்றால் அந்தப் பெண்ணின் கையை வெட்டுவது போலிருக்கிறது. விடுங்கள் என்றால், அந்த வீட்டிலும் இரண்டு வயதுக் குழந்தை இருக்கிறது. வெளியே வேப்பமரத்தடியில் நின்ற என் சைக்கிளைக் காட்டி, எடுத்துக்கொள்ளுங்கள் என்றேன். எனக்கு வீட்டிலிருந்து ஆறு கிலோமீட்டர்தான், நடந்துவிடலாம். இது பதிலா, பதிலிலிருந்து தப்பித்தலா என்று நடக்கும்போதெல்லாம் யோசிக்கிறேன்.

கலூவா மாலையில் அழைத்துக் கண்டித்தார். வீட்டு விவகாரத்தைப் பாடத்தில் கலக்கக்கூடாதாம். உண்மை வேறு, பாடம் வேறாம்.

வகுப்பில் நான் ஒன்றை மட்டும் சொல்லவில்லை. சைக்கிள் பூட்டின் சாவியை அப்பா கூரை ஓலைக்குள் புகையிலை டப்பாவில் வைத்திருந்தார். உனக்கு இடம் தெரியாது. எடுத்துக் கொடுத்தது நான். சாவியை யார் எடுத்தது என்று அப்பா கேட்டபோது நீ என் பக்கம் திரும்பாமலேயே, "நான்தான்" என்றாய். அத்தனை அடியும் உனக்கே விழுந்தது. அப்பா சாகும்வரை அது அவருக்குத் தெரியாது.

இப்போது புத்தகத்தில் அப்பா தானே கொடுத்தார் என்று இருக்கிறது. சாவியே இல்லை, சாவி எடுத்தவளும் இல்லை. அந்தப் பொய்யை நீதான் சொன்னாயென்றால், யாருக்காகச் சொன்னாய், அண்ணா? உனக்காகவா, அப்பாவுக்காகவா, இன்னும் எனக்காகவா? என்மேல் அடி விழாமல் இருக்கத்தான் தடாலாவையும் சேர்த்து எடுத்துவிட்டாயா? இதை நினைக்கும்போது உன்மேல் கோபப்படுவதா, உன் காலில் விழுவதா என்று தெரியாமல் நிற்கிறேன்.

பதில் எழுது. ஒரு வரி போதும்.

ஃபலேசி


மதேதே
19 ஜனவரி 2025

அன்புள்ள அண்ணாவுக்கு,

புத்தாண்டில் உன் வீட்டில் எல்லாரும் சுகமாக இருக்க அம்மா தேவாலயத்தில் வேண்டிக்கொண்டாள். நீ கிறிஸ்துமஸுக்குக் கூப்பிட்டபோது என்னிடம் பேசாமலே வைத்துவிட்டாய். லைன் கெட்டுவிட்டது என்று அம்மா சொன்னாள். இருக்கலாம்.

நடந்ததைச் சொல்கிறேன். ந்கோமா என் சைக்கிளில்தான் ஆள் ஏற்றுகிறார். பெண்கள் சைக்கிள், முன்னால் கூடை வேறு. மேடம் வண்டில ஏறுனா எறங்கறப்ப பரீட்சை வைப்பியா என்று சந்தையில் அவரைக் கிண்டல் செய்கிறார்களாம். வாய்ப்பாடு சொன்னாத்தான் எறக்கி விடுவேன் என்று அவரும் சொல்லிவிட்டாராம்.

சியோனி பம்பைச் செய்தாள். முதல் தடவை கயிறு அறுந்தது. இரண்டாம் தடவை வட்டங்கள் குழாய்க்குள் சிக்கிக்கொண்டன, கைப்பிடி அசையவில்லை. ந்கோமா கரையில் உட்கார்ந்து, இஞ்சினியரம்மா, சைக்கிள்னா இந்நேரம் சந்தைக்குப் போயிட்டு வந்திருக்கும் என்று குத்திக்கொண்டேயிருந்தார். ஆனால் வட்டங்களின் ஓரத்தை அவள் சீவ, கத்தியைத் தீட்டிக் கொடுத்ததும் அவர்தான். நவம்பர் மூன்றாம் வாரம் தண்ணீர் வந்தது. நானும் இருந்தேன். குழாய் வாயில் முதலில் சேறு, பிறகு கலங்கல், பிறகு தண்ணீர். பிள்ளைகள் கத்தினார்கள். எனக்கு மகிழ்ச்சியா பயமா என்று சொல்லத் தெரியவில்லை.

மழை ஒரு மாதம் பிந்தியது. மற்ற வயல்களில் பயிர் முழங்காலைத் தொடவில்லை. அவர்கள் தோட்டத்தில் என் தோள் உயரம்.

டிசம்பர் பதினாறாம் தேதி அந்த வீட்டுக் குழந்தை ஃபத்சானிக்குப் பாதம் வீங்கிவிட்டது. ந்கோமா என் சைக்கிளில் மனைவியையும் குழந்தையையும் ஏற்றிக்கொண்டு பத்து மணிக்குள் ஆஸ்பத்திரி சேர்ந்தார். பன்னிரண்டு நாள் வைத்திருந்தார்கள். பிழைத்துவிட்டான். இப்போது ஆட்டுக்குட்டியைத் துரத்துகிறான்.

சந்தோஷமான செய்திதான். ஆனால் அன்றிலிருந்து எனக்குத் தூக்கமில்லை. சைக்கிள் இருந்திருந்தால் தடாலா பிழைத்திருப்பாள் என்று இது சொல்கிறதா? நேரே போய் அங்கிருந்த நர்ஸிடமே கேட்டுவிட்டேன், இதே நோயோடு இரண்டாயிரத்தொன்றில் ஒரு குழந்தை நேரத்தோடு வந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று. அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "அந்த வருஷமா? அப்ப பால்மாவே இல்லைன்னு பெரியவங்க சொல்லுவாங்க. வந்து சேந்த புள்ளைங்களும் வராந்தாவுலயே போச்சுங்களாம். யாருக்கு மேடம் தெரியும்?" என்றாள். யாருக்கும் தெரியாது என்பது ஆறுதலா தண்டனையா, நீயே சொல்.

இன்னொன்று. இருபது புத்தகத்திலும் ஏழாவது பாடத்தில், தங்கை என்ற சொல்லை யாரோ பென்சிலால் தங்கைகள் என்று திருத்தியிருக்கிறார்கள். மூவரின் என்பதை நால்வரின் என்று மாற்றவில்லை. நீ காத்தது மூவரைத்தானே, கணக்குத் தெரிந்த பிள்ளைதான் செய்திருக்கிறது. அறக்கட்டளைக்காரர்கள் பிப்ரவரியில் படம் எடுக்க வருகிறார்கள். கலூவா என்னிடம் ஒரு ரப்பரைக் கொடுத்து, அதற்குள் அழித்துவிடச் சொல்லியிருக்கிறார். புத்தகங்கள் என் அலமாரியில் இருக்கின்றன. எடுப்பேன், பார்ப்பேன், திரும்ப வைப்பேன்.

கடைசியில் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பாடம், என் பொய், சாவி, எல்லாம். சாவி அவளுக்கு எப்போதோ தெரியுமாம். கூரை ஓலைக்கு எட்ட நான் பெட்டிமேல் ஏறியது கூடவா அவளுக்குத் தெரியாது என்றாள். அவள் அழுவாள் என்று நினைத்தேன். அழவில்லை. காலை நீட்டி முழங்காலில் எண்ணெய் தடவிக்கொண்டாள். பிறகு சொன்னாள். நான் சேர்க்கவுமில்லை, குறைக்கவுமில்லை:

"அந்த ஜனவரில மொதக் கதிரு ஒடச்சு அவிச்சோம்ல. பழக்கத்துல அஞ்சா வச்சுட்டேன். மிச்சமிருந்தத யாரும் தொடல. நீங்கெல்லாம் வெளிய போனப்புறம் அத நான்தான் தின்னேன். அவளுக்கு வச்சதத் தின்னேன். நல்லா இருந்துச்சு, ஃபலேசி. அவ்வளவு இனிப்பா இருந்துச்சு. அத இன்னிவரைக்கும் அவன்கிட்ட நான் சொல்லல. எழுது. நல்லா இருந்துச்சுன்னு அம்மா சொன்னாள்னு எழுது."

எழுதிவிட்டேன், அண்ணா.

அப்பா இறந்தபோது வந்து நான்கு நாள் இருந்தாய், தோட்டத்துப் பக்கம் போகவேயில்லை. அதன் பிறகு பத்து வருஷமாகிறது. உன்னிடம் இனிப் பதில் எதுவும் கேட்கமாட்டேன். என்ன பாடம் நடத்துவது என்பதை நானே எப்படியாவது கண்டுபிடித்துக்கொள்கிறேன். அம்மாவுக்குத்தான் முழங்கால் நாளுக்கு நாள் மோசமாகிறது. பிள்ளைகளை அழைத்து வா. பிப்ரவரி நடுவில் சியோனி தோட்டத்தில் பச்சைக் கதிர் இருக்கும் என்று நினைக்கிறேன். நிச்சயமாகச் சொல்ல முடியாது, பயிரில் படைப்புழு இறங்கியிருக்கிறது.

கதிர் இல்லாவிட்டாலும் வா.

கடவுள் உன் வழியைக் காக்கட்டும்.

உன் தங்கைகளில் மூத்தவள்,
ஃபலேசி